கோபப்பட வேண்டிய இடங்கள்

பதுளை டவுனில் யாராவது என்னிடம் என்ன வேலை செய்கிறேன் என்று கேட்டால் கடையைக் காட்டிவிடுவேன். ஃபோட்டோகொப்பி, ஃபோன் ரீலோட், லெமினேட்டிங், ஒன்லைன் விண்ணப்பம். பொய்யில்லை, ஆனால் அது பாதிதான். கடையின் பின்பக்கம் ஒரு மேசையும் இரண்டு கதிரையும் ஒரு ஃபைல் அலுமாரியும் இருக்கின்றன. அங்கே போய் உட்கார்ந்தால் நான் சினிமா இசையமைப்பாளர்களின் ஏஜன்ட். இதைச் சொன்னால் கேட்டவர் என் முகத்தைப் பார்ப்பார், பிறகு லெமினேட்டிங் மெஷினைப் பார்ப்பார், பிறகு அடையாள அட்டையின் பிரதியை வாங்கிக்கொண்டு பேசாமல் போய்விடுவார்.

அவர்களைக் குறை சொல்ல முடியாது. எனக்குச் சங்கீதம் சுத்தமாக வராது. எங்கள் தேவாலயப் பாடகர் குழுவில் பன்னிரண்டு வருஷம் நின்றிருக்கிறேன். அதில் பதினொரு வருஷம் வாயை மட்டும் அசைத்தேன். முதல் வருஷ முடிவில் குழுத் தலைவி என்னைத் தனியாகக் கூப்பிட்டு, "நீங்க வாங்க, நில்லுங்க, ஒங்க சாரி நல்லா இருக்கு. சத்தம் மட்டும் வேணாம்" என்றார். அவரை நான் இன்னும் முழுசாக மன்னிக்கவில்லை. ஒவ்வொரு தவக்காலத்திலும் முயற்சி செய்து பார்க்கிறேன்.

என்னிடம் இருப்பது கோபம். அது மட்டும் ஊரறிந்த விஷயம். மிச்சக் காசு தராத கண்டக்டரும், மூன்று தடவை வரச் சொல்லி அலைக்கழித்த கிளார்க்கும் என்னைத் தெருவில் கண்டால் எதிர்ப்பக்கம் போய்விடுவார்கள். இந்தக் கோபத்தை வைத்துப் பிழைப்பு நடத்தலாம் என்று எனக்குத் தெரியாமல் இருந்தது. அதைக் கண்டுபிடித்தவன் பசறைப் பக்கத்துத் தேயிலைத் தோட்டத்துப் பையன் ஒருவன். பையன் என்கிறேன், அவனுக்கு முப்பது தாண்டிவிட்டது.

தொழிலாளர் குடியிருப்பின் லயக் காம்பரா ஒன்றில் கீபோர்டும் பழைய கம்ப்யூட்டரும் வைத்துக் குறும்படங்களுக்கு இசை செய்துகொண்டிருந்தான். தோட்டத்தில் தேயிலை ஸ்டோரின் தண்ணீர்த் தொட்டிக்குப் பக்கத்தில் மட்டும்தான் சிக்னல் இருக்கும். அதுவும் காற்றடித்தால் போய்விடும். ஆகவே பாட்டை பென் டிரைவில் போட்டு என் கடைக்குக் கொண்டு வருவான், நான் அனுப்பி வைப்பேன். ஒருநாள் கடையில் நின்றபடியே ஓர் இயக்குநரோடு ஃபோனில் பேசினான். பேசினான் என்பது அதிகம். "சரிங்க சார்" என்று பதினொரு தடவை சொன்னான். நான் எண்ணினேன். பன்னிரண்டாவது தடவை சொல்ல வாயைத் திறந்தபோது ஃபோனைப் பிடுங்கி, செய்ததைக் கடைசிவரை கேட்டுவிட்டுத்தான் பேசுகிறீர்களா என்று அந்த மனிதரிடம் கேட்டேன். அவர் கேட்கவில்லை. கேட்டுவிட்டு எடுக்கிறேன் என்று வைத்தார். மறுநாள் எடுத்து, ஒன்றையும் மாற்ற வேண்டாம் என்றார்.

அன்றிலிருந்து நான் ஏஜன்ட். பண்டாரவளையிலிருந்து ஒரு சிங்களத் தம்பியும், எங்கள் தேவாலயத்தில் ஓர்கன் வாசிப்பவரும் பிறகு வந்து சேர்ந்தார்கள். ஒப்பந்தத்தை வாசிப்பது, திகதி குறிப்பது, படத்தின் முடிவில் பெயர் சரியாக வருகிறதா என்று பார்ப்பது, அவர்களால் பேச முடியாததைப் பேசுவது, இவைதான் வேலை. பாட்டைப் பற்றி ஒரு வார்த்தை சொல்ல மாட்டேன். அது எனக்கும் அவர்களுக்கும் உள்ள பேச்சு.

இரண்டு வருஷத்துக்கு முன்னால் அந்தத் தோட்டத்துத் தம்பிக்கு முதல் முழுநீளப் படம் கிடைத்தது. கொஸ்லந்தைப் பக்கம் எடுத்த சிங்களப் படம், இயக்குநர் கொழும்புக்காரர். நான் பெருமையோடு ஒப்பந்தத்தில் ஒரு விதி சேர்த்தேன். பேச்சு, மழை, பஸ், பாட்டு என்று எல்லாச் சத்தத்தையும் ஒன்றாகச் சேர்த்து எது பெரிசாகக் கேட்க வேண்டும் எது சின்னதாகக் கேட்க வேண்டும் என்று முடிவு செய்கிற கடைசி மிக்ஸிங்கில், இசையமைப்பாளரோ அவர் எழுத்தில் நியமித்த ஆளோ நேரில் இருக்க வேண்டும். யாரும் இல்லையென்றால் இயக்குநர் வைத்ததுதான் சட்டம். இசையைத் தண்ணீரில் கரைத்து ஊற்றிவிடுவார்கள் என்று பயந்துதான் அந்த விதியைப் போட்டேன்.

திகதியையும் நானே குறித்தேன். சுவரில் தொங்கிய தேவாலயக் கலண்டரைப் பார்த்தேன். ஈஸ்டருக்கு முன்னால் முடித்துவிடலாம், தவக்காலத்தில் யாருக்கு என்ன கொண்டாட்டம் என்று மாசி மாதத்தில் மூன்று நாளுக்குக் கையெழுத்துப் போட்டுவிட்டேன்.

ஒரு தோட்டத்து ஆளிடம் கேட்டிருந்தால் போதும், சிரித்திருப்பார்கள். மாசியில் பிறை கண்டதும், சிவன் எரித்த மன்மதனுக்காகத் தோட்டத்தில் காமன் கம்பம் ஊன்றுவார்கள். பௌர்ணமிக்கு எரிக்கும் வரை கூத்து. அதில் சேருகிறவர்கள் கையில் மஞ்சள் கயிறு காப்பாகக் கட்டிக்கொள்வார்கள். காப்புக் கட்டினால் கவிச்சி இல்லை, கெட்ட வார்த்தை இல்லை, தோட்டத்து எல்லையைத் தாண்டுவதும் இல்லை. என் இசையமைப்பாளர் வருஷா வருஷம் காமனுக்குத் தப்பு மேளம் அடிப்பவன். எனக்கு இது தெரியாது. பதுளை டவுனில் பிறந்து வளர்ந்து, தோட்டத்திலிருந்து பத்துப் பன்னிரண்டு மைல் தூரத்தில் ஐம்பது வருஷம் வாழ்ந்திருக்கிறேன்.

அவன் காப்புக் கட்டிவிட்டான் என்று செய்தி வந்ததும் கொழும்புக்கு ஃபோன் அடித்தேன். மிக்ஸிங் அறையில் அந்த மூன்று நாளை விட்டால் இரண்டு மாதத்துக்கு இடமில்லை, படம் வெளியாகும் நாளும் குறித்தாயிற்று என்றார்கள். பசறை பஸ் ஏறினேன். தோட்டத்துப் பாதை தொடங்கும் இடத்தில் ஒரு சின்னப் பாலம் இருக்கிறது. அதுதான் எல்லை. அவன் அந்தப் பக்கம் நின்றான். நான் கோபத்தில் இந்தப் பக்கமே நின்றுகொண்டேன்.

"மூணு நாள்தான் தம்பி. வேன் புடிச்சுத் தாறேன். யாரு பாக்கப் போறா?"

"காமன் பாப்பாருங்க."

"ஒனக்குப் பதிலா அடிக்க வேற ஆளே இல்லையா?"

"இருக்காங்க. எனக்குத்தான் இங்க இருக்கணும்போல இருக்குங்கக்கா."

பாலத்தின் சுவரில் உட்கார்ந்தேன். அவனும் எதிரே உட்கார்ந்தான். யாரைத்தான் அனுப்புவது என்று கேட்டபோது என்னையே பார்த்தான்.

"எனக்குச் சுருதின்னா என்னன்னே தெரியாதே!"

"அது தேவைப்படாதுங்க. கோபம்தான் தேவை. அது ஒங்ககிட்ட நெறைய இருக்கு. எங்கெங்க கோபப்படணும்னு நான் எழுதித் தாறேன்."

விளையாட்டாகச் சொல்கிறான் என்று நினைத்தேன். கொப்பித் தாளில் நிஜமாகவே எழுதிக் கொடுத்தான். அந்தத் தாளை நான் லெமினேட் செய்து இன்னும் வைத்திருக்கிறேன். 'பன்னிரண்டாவது நிமிசம்: சும்மா இருங்க. இருபத்தாறு, பஸ் மலை ஏறுது: லேசா கோபப்படுங்க. நாப்பத்தொண்ணு, மழை, வயலின்: நல்லா கோபப்படுங்க. கதவச் சாத்திட்டு வெளிய போனாலும் பரவால்ல. இது போனா நான் செத்தேன்.' இந்த வரிக்குக் கீழே மூன்று கோடு. கடைசியில், 'எம்பத்தெட்டு, தப்பு மேளம்: இத விட்டுக் குடுத்துருங்க.'

"ஏன் இத விடணும்?"

"அவங்களும் ஒண்ணு ஜெயிக்கணும்ல. இது போனா போகட்டும்."

படத்தின் முடிவில் வருகிற வாத்தியங்களின் பெயர்ப் பாரத்தையும் அங்கேயே நிரப்பினான். வயலின், புல்லாங்குழல் என்று எழுதிக்கொண்டு வந்தவன் தப்பு மேளம் வந்ததும் 'தாள வாத்தியம்' என்று எழுதினான். அதன் பெயரையே போடலாமே என்றேன்.

"வேணாங்கக்கா. அதப் போட்டா யாரு அடிச்சது, எந்த ஆளுகன்னு விசாரிப்பாங்க."

அவன் சொன்னது எனக்குப் புரியாமல் இல்லை. காலையில் பெரட்டுக்கு, அதாவது வேலைக்கு ஆள் கூப்பிடவும், சாவுக்கும், காமனுக்கும் அடிக்கிற மேளம் அது. அடிக்கிறவரை டவுனில் ஒரு படி கீழே வைத்துத்தான் பார்ப்பார்கள். எங்கள் வீதியால் தப்பு போனால் எங்கள் வீட்டு ஜன்னல் மூடப்படும். மூடுகிறவள் பெரும்பாலும் நான்தான், ஜன்னல் என் பக்கத்தில் இருந்தது. இதை எழுதவே வெட்கமாக இருக்கிறது.

கொழும்பில் என்னைக் குளிர் வாட்டியது. பதுளையில் ஸ்வெட்டர் இல்லாமல் திரிகிறவள் அந்த ஏசி அறையில் ஸ்வெட்டர் போட்டும் பல் கிட்டி உட்கார்ந்திருந்தேன். முன்னால் சுவரளவு திரை. பொத்தான் பலகைக்குப் பின்னால் பருத்த சவுண்ட் எஞ்சினியர் ஒருவர், மூன்று நாளும் ஓயாமல் மீன் வைத்த மாலு பணிஸ் சாப்பிட்டபடி இருந்தார். இயக்குநர் மெலிந்தவர், மரியாதையானவர், அறைக்குள்ளும் தொப்பி போட்டிருந்தார். எல்லாம் சிங்களத்தில் நடந்தது. எனக்குக் கோபம் இரண்டு மொழியிலும் சரளமாக வரும்.

பன்னிரண்டாவது நிமிஷத்தில் சும்மா இருந்தேன். மூன்று நாளிலும் அதுதான் கஷ்டமான வேலை. இருபத்தாறில் லேசாகக் கோபப்பட வேண்டும். எனக்கு லேசாகக் கோபப்பட்டுப் பழக்கமில்லை, கொஞ்சம் கூடிவிட்டது. பஸ் ஹோர்ன் உடனே குறைந்தது, எஞ்சினியர் பணிஸைக் கீழே வைத்தார்.

இரண்டாம் நாள் மழை வந்தது. இயக்குநர் கொஸ்லந்தையில் தானே நனைந்து பதிவு செய்த மழை, விட்டுத் தர மாட்டேன் என்றார். வயலின் மழைக்கு அடியில் எங்கேயோ கிடந்து முனகியது. நான் எழுந்தேன், பையை எடுத்தேன், கதவைப் படாரென்று சாத்தப் போனேன். அந்தக் கதவைச் சாத்த முடியாது. சத்தம் வெளியே போகாத கதவு, தன் பாட்டில் பெருமூச்சு விட்டுக்கொண்டு மெல்ல மெல்ல மூடும். வெளியே நின்று அது மூடி முடியும்வரை காத்திருந்தேன். உள்ளே இருந்து இரண்டு பேரும் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். பிறகு இயக்குநர் கையில் பிளேன் டீயோடு வந்தார். சரி, வயலின் மேலே இருக்கட்டும், ஆனால் கடைசியில் நீங்களும் எனக்கு ஒன்று தர வேண்டும் என்றார். தம்பி சொன்னது அப்படியே நடந்ததால் எனக்கு உள்ளுக்குள் ஒரே சந்தோஷம். தருகிறேன் என்று வாக்குக் கொடுத்துவிட்டேன்.

மூன்றாம் நாள் பின்னேரம் எண்பத்தெட்டாவது நிமிஷம். கொழுந்து எடுக்கிற ஒருத்தி, மகள் வீட்டை விட்டுப் போய்விட்டாள் என்று கேள்விப்பட்டு, வெறும் கூடையோடு மலையிலிருந்து இறங்கி வருகிறாள். பேச்சே இல்லை. இயக்குநருக்கு அதில் காற்று மட்டும் போதும். ஒருதரம் இசையோடு கேட்டுவிட்டு எடுத்துவிடலாம் என்றார். பட்டியலை மடித்துப் பைக்குள் வைத்தேன். என் வேலை முடிந்தது, சரி என்று ஒரு சொல் சொன்னால் இரவு பஸ்ஸுக்கு முன்னால் சாப்பிடலாம்.

தப்பு ஆரம்பித்தது. ஓர் அடி. நீண்ட இடைவெளி. இன்னோர் அடி. அவள் கால் வைக்கிற இடத்துக்கெல்லாம் அது வரவில்லை, கொஞ்சம் பிந்தி வந்தது, அவள் கூடவே நடக்க யோசிக்கிற ஆள் மாதிரி. அதற்கு மேல் எனக்குச் சொல்லத் தெரியாது. மூடுவதற்கு அந்த அறையில் ஜன்னல் இல்லை. கடைசிவரை கேட்டேன். கேட்டு முடித்தபோது என் ஸ்வெட்டரின் கை நனைந்திருந்தது. எஞ்சினியர் மென்றுகொண்டிருந்ததை நிறுத்தியிருந்தார்.

சரி என்று சொல்லத்தான் வாயைத் திறந்தேன். முடியாது என்று வந்தது.

இயக்குநர் சத்தம் போடவில்லை. நீங்கள் வாக்குக் கொடுத்தீர்கள் மிஸ், அப்படியென்றால் வயலினைத் தாருங்கள், இரண்டில் ஒன்று என்றார். நியாயம் அவர் பக்கம் இருந்தது. தம்பிக்கு அடித்தேன். சிக்னல் இல்லை. ஐந்து தடவை அடித்தேன். தாளில் மூன்று கோடு போட்ட வரி எனக்கு மனப்பாடம். ஏஜன்ட் என்பவள் வாங்கின உத்தரவைச் செய்ய வேண்டியவள், அதுவும் சுருதி தெரியாதவள். இதையெல்லாம் எனக்கு நானே பத்து நிமிஷம் சொல்லிப் பார்த்தேன்.

"வயலின எடுத்துக்குங்க" என்றேன்.

பதுளைக்குத் திரும்பி, குளித்து, பசறை பஸ் ஏறிப் பாலத்துக்குப் போனேன். இந்தத் தடவை நானும் அவன் பக்கமே போய் உட்கார்ந்தேன். நடந்ததை ஒன்றும் மறைக்காமல் சொன்னேன். அவன் முகம் சிவந்தது. ஆனால் கையில் காப்பு. ஒரு கெட்ட வார்த்தை சொல்லக் கூடாது. அவன் பட்ட பாட்டை நான் கண்ணால் பார்த்தேன்.

"அக்கா, நீங்க ரொம்ப நல்லவங்க" என்றான். "ஒங்க குடும்பம் நல்லா இருக்கணும். ஒங்க கட செழிக்கணும். அந்த வயலின ரெண்டு மாசமா எழுதுனேங்க. ஒரு வார்த்த எழுதி, கோடு போட்டுக் குடுத்தேன். நீங்க நூறு வயசு நல்லா இருங்க."

இவ்வளவு ஆசீர்வாதத்தை ஒரே மூச்சில் நான் எந்தப் பாதிரியாரிடமும் வாங்கியதில்லை. ஒவ்வொன்றும் அடி மாதிரி விழுந்தது.

"காப்பு அவுக்கட்டும். வந்து மிச்சத்தப் பேசுறேன். ஏஜன்ட் வேணுமா வேணாமான்னும் அப்பப் பாப்போம்" என்று எழுந்து போனான். திரும்பிப் பார்க்கவில்லை.

காமன் எரித்து நான்கு நாள் கழித்து ஒரு காலையில் கடைக்கு வந்தான். மணிக்கட்டில் கயிறு இருந்த இடம் மட்டும் வெளுத்துத் தெரிந்தது. ஃபோட்டோகொப்பிக்கு நின்ற ஐந்தாறு பேருக்கு முன்னால் மிச்சத்தைப் பேசினான். இத்தனை வார்த்தை இவனுக்குத் தெரியுமா என்று எனக்கே ஆச்சரியம். நான் பதில் பேசவில்லை. என் சரித்திரத்தில் அப்படி நான் நின்றது அதுவே முதல் தடவை. அவன் மூச்சு வாங்க நிறுத்திய இடத்தில், கொழும்பிலிருந்து வந்திருந்த பென் டிரைவைக் கம்ப்யூட்டரில் போட்டேன்.

மழைக் காட்சி வந்தது. கண்ணை மூடிக்கொண்டு கேட்டான். "செத்துப் போச்சு" என்றான். உண்மைதான், வயலின் இல்லாமல் அது வெறும் மழையாக இருந்தது, எனக்கே தெரிந்தது. "மன்னிச்சுக்க தம்பி" என்றேன். மனசாரத்தான் சொன்னேன்.

பிறகு எண்பத்தெட்டாவது நிமிஷம். அவள் மலையிலிருந்து இறங்கி வந்தாள். அவன் விரல் லெமினேட்டிங் மெஷின் மேல் அசைந்தது. முடிந்ததும், "இன்னொருக்கா போடுங்க" என்றான். போட்டேன். மூன்றாம் தடவையும் போட்டேன். பிறப்புச் சான்றிதழை நீட்டிக்கொண்டு கவுண்டரில் நின்ற ஓர் அம்மா உள்ளே எட்டிப் பார்த்தார்.

"யாருங்க இந்தத் தப்பு அடிக்கிறது? நெஞ்சுல அடிக்கிற மாதிரி இருக்கே."

நான் வாயைத் திறப்பதற்குள் அவன் திரும்பினான். அந்த அம்மாவை நேராகப் பார்த்தான்.

"நான்தாங்க" என்றான்.

அந்த அம்மா தலையை ஆட்டிவிட்டுச் சான்றிதழில் இரண்டு கொப்பி கேட்டார். எடுத்துக் கொடுத்து அனுப்பினேன். அவன் இன்னும் அதே இடத்தில் நின்றான்.

"அக்கா, அந்தப் பாரத்துல தாள வாத்தியம்னு எழுதுனேன்ல? அத மாத்த முடியுமா?"

கொழும்புக்கு அடித்தேன். பெயர்களெல்லாம் செய்து முடித்து மூடியாயிற்று, ஒரு சொல்லுக்காகத் திறக்க முடியாது, மன்னிக்க வேண்டும் என்றார் இயக்குநர், அவருடைய வழக்கமான மரியாதையோடு. ஃபோனைக் காதில் வைத்தபடி தம்பியைப் பார்த்தேன். அவன் மேசைக்கு மேலே குனிந்து மெதுவாகச் சொன்னான்.

"அக்கா, இங்க கோபப்படுங்க."

பட்டேன். கடைக்கு வெளியே ஓட்டோ ஸ்டாண்டில் நின்றவர்கள் எல்லாம் திரும்பிப் பார்த்தார்கள்.

படம் பதுளைக்கு வந்தபோது பின்னேரக் காட்சிக்குப் போனோம். அவனும் அவன் அம்மாவும் நானும். மழைக் காட்சியில் அவன் என் பக்கம் திரும்பி ஒரு பார்வை பார்த்தான். அந்தக் கணக்கு எங்களுக்குள் இன்னும் தீரவில்லை, தீரவும் வேண்டாம். படம் முடிந்து பெயர்கள் ஓடத் தொடங்கியதும் வழக்கம்போல் சனம் எழுந்தது. முன் வரிசையில் நான்கு பேர் நின்றுகொண்டு செருப்புத் தேடினார்கள், திரை மறைந்தது. வயலின் என்று ஓடியது, புல்லாங்குழல் என்று ஓடியது. நான் எழுந்து, மூச்சை இழுத்துத் தயாரானேன். அதற்குள் பக்கத்தில், பதினொரு தடவை சரிங்க சார் சொன்ன அந்த மனிதன் எழுந்து நின்று தியேட்டரே அதிரக் கத்தினான்.

"உக்காருங்கய்யா! தப்பு மேளம்னு வருதுல்ல, மறைக்குது!"

நான்கு பேரும் உட்கார்ந்தார்கள். நானும் உட்கார்ந்தேன்.